ஒரு நிமிடம் நாற்பது நொடி அழுகை

நாங்கள் உட்கார்ந்திருந்தது கடைசிக்கு முந்தின வரிசை. படம் வந்து இரண்டாவது வாரம், மதியக் காட்சி. கோயமுத்தூரில் அந்த நேரத்துக்குத் தியேட்டருக்கு வருகிறவர்கள் கல்லூரிக்கு மட்டம் போட்ட பிள்ளைகளும் ரிட்டயரான பெரியவர்களும்தான். பாதி நாற்காலி காலி.

என் மனைவி சாந்தாமணி பள்ளிக்கூடத்துக்கு அரை நாள் லீவு சொல்லிவிட்டு வந்திருந்தாள். கணக்கு டீச்சர். சினிமாவுக்காக லீவு போட்டது அவள் சர்வீஸிலேயே அன்றைக்குத்தான். நான்தான் விடாமல் நச்சரித்துக் கூட்டிவந்தேன்.

என்னைப் போலச் சினிமாவுக்குச் சத்தம் பதிவு செய்கிறவர்கள் தியேட்டரில் திரையைப் பார்ப்பதில்லை. பக்கத்தில் இருப்பவரைப் பார்ப்போம். எந்த இடத்தில் கொட்டாவி விடுகிறார், எந்த இடத்தில் செல்போனை எடுக்கிறார் என்று. அன்றைக்கு நான் சாந்தாமணியின் கையைப் பார்த்துக்கொண்டிருந்தேன். மடியில் பாப்கார்ன் பொட்டலம். ஒவ்வொன்றாக எடுத்து, உப்பைத் தட்டிவிட்டு வாயில் போட்டுக்கொண்டிருந்தாள்.

இடைவேளைக்குப் பத்து நிமிடம் முன்னால் அந்தக் காட்சி வந்தது. வெளியூரிலிருந்து ஓடிவரும் மகள், செத்துக் கிடக்கும் அப்பாவின் மேல் விழுந்து அழுகிறாள். பின்னணி இசை கிடையாது. ஒரு நிமிடம் நாற்பது நொடி, அழுகை மட்டும். தியேட்டர் அடங்கிப்போனது. முன்னால் ஒரு பெண் மூக்கை உறிஞ்சினாள். எனக்கு உள்ளுக்குள் ஒரே திமிர். எப்படி என்று கேட்கிற தோரணையில் சாந்தாமணி பக்கம் திரும்பினேன்.

அவள் கை பொட்டலத்துக்குள் இருந்தது. வெளியே வரவில்லை. அந்தக் காட்சி முடிந்து, அடுத்ததும் முடிந்து, இடைவேளைக்கு விளக்குப் போட்ட பிறகும் கை அங்கேயே இருந்தது.

"ஊட்டுக்குப் போலாங்க" என்றாள்.

கேட்டவர்களுக்குப் பதில்

வாராவாரம் நான் எழுதும் இந்தத் தொடருக்கு வருகிற கடிதங்களில் பாதி அந்த அழுகையைப் பற்றியவை. 'அதை எப்படி எடுத்தீர்கள் ஐயா, அந்த ரகசியத்தை மட்டும் ஏன் எழுதாமல் நழுவுகிறீர்கள்' என்று ஈரோட்டு வாசகர் ஒருவர் மூன்று தடவை எழுதிவிட்டார். மனுஷர் லேசில் விடுகிற ஆள் இல்லை.

மேடைகளில் நான் சொல்லி வந்த பதில் ஒன்று உண்டு. நடிகை அற்புதமாக அழுதார், நான் மைக்கைச் சரியான இடத்தில் வைத்தேன், அவ்வளவுதான் என்பேன். கைதட்டுவார்கள். தன்னடக்கம் என்று வேறு புகழ்வார்கள். பச்சைப் பொய். அந்த நடிகையின் குரல் அந்தக் காட்சியில் ஒரு நொடிகூடக் கிடையாது.

இதுவரைக்கும் உங்களுக்கு வேடிக்கைக் கதைகளாகச் சொல்லிக்கொண்டு வந்தேன். இந்த வாரம் அது இல்லை. இதை அச்சுக்குக் கொடுக்கும் முன், தெரிய வேண்டியவர்களிடம் நேரில் போய்ச் சொல்லிவிட்டேன். அவர்களில் ஒருத்தி அதற்கப்புறம் என்னிடம் பேசுவதை நிறுத்திவிட்டாள். நியாயம்தான்.

விமானத்துக்குக் கீழே

புதிதாக வாசிப்பவர்களுக்காக என் தொழிலைச் சொல்லிவிடுகிறேன். படப்பிடிப்பில் சத்தத்தைப் பதிவு செய்வது ஒரு பாதி. பதிவு செய்ததையெல்லாம் கடைசியில் ஒரு மேசை முன்னால் உட்கார்ந்து, எது மேலே, எது கீழே என்று கலந்து கொடுப்பது மறுபாதி. நான் இரண்டையும் பார்த்தேன். சென்னையில் இருபது வருஷம் இருட்டறையில் உட்கார்ந்து அடுத்தவர்களின் இருமலையும் எச்சில் விழுங்குவதையும் வெட்டி எறிந்தேன். அப்புறம் ஊருக்கே வந்து பீளமேட்டில் சொந்தமாக ஒரு ஸ்டுடியோ போட்டேன்.

விமான நிலையத்துக்கு எதிரில் சவுண்ட் ஸ்டுடியோ வைத்த புத்திசாலி இந்தியாவிலேயே நீங்கள் ஒருவர்தான் என்று நண்பர்கள் கிண்டல் செய்வார்கள். சுவரை இரட்டையாக எழுப்பி, நடுவில் பஞ்சு அடைத்துச் சமாளித்தேன். அப்படியும் மத்தியான விமானம் ஒன்று மட்டும் தரை வழியாக உள்ளே வந்துவிடும். அந்த நேரத்துக்கு டீ குடிக்கப் போய்விடுவோம்.

இந்தத் தொழிலில் நல்ல பெயர் என்று ஒன்று கிடையாது. படம் ஓடினால் பாட்டைச் சொல்வார்கள், கேமராவைச் சொல்வார்கள். ஓடாவிட்டால் 'வசனமே கேக்கலீங்க' என்று என் தலையில் கட்டுவார்கள். திரையில் என் பெயர் வருகிறபோது ஜனங்கள் செருப்பைத் தேடிக்கொண்டிருப்பார்கள். இந்த வயிற்றெரிச்சல் எனக்கு நிறைய உண்டு. அதையும் மறைக்காமல் சொல்லிவிடுகிறேன், ஏனென்றால் நான் செய்த காரியத்துக்கு அதுவும் ஒரு காரணம்.

டப்பிங் இல்லாமல், படப்பிடிப்பிலேயே குரலைப் பதிவு செய்கிற வழக்கம் வந்த பிறகு எங்கள் பாடு இன்னும் மோசம். நம் பக்கத்துத் தோட்டங்காட்டில் ஒரு காட்சி எடுத்துப் பாருங்கள். ஒரு பக்கம் போர் மோட்டார், இன்னொரு பக்கம் தறி. இரண்டும் ஓய்ந்தால் மயில் அகவும். மயிலைப் படத்தில் பார்த்து ரசிக்கிறவர்களுக்கு அது எங்களுக்குச் செய்யும் அநியாயம் தெரியாது. தோட்டம் தோட்டமாகப் போய் 'ஏனுங்க, பத்து நிமிசம் மோட்டாரை நிறுத்தறீங்களா' என்று கெஞ்சுவது என் வேலையில் பாதி.

அன்னூரில் என் மாமனார் ஒருவர்தான் கெஞ்ச விடாதவர். அவர் தோட்டத்தில் படப்பிடிப்பு வைத்தபோது, பாய்ந்துகொண்டிருந்த தண்ணீரை அப்படியே விட்டுவிட்டு நாள் முழுக்க மோட்டாரை நிறுத்தி வைத்தார். சாயங்காலம் என் ஹெட்போனை வாங்கிக் காதில் மாட்டிக்கொண்டு மோட்டாரைப் போடச் சொன்னார். "என்ற மோட்டாரா மாப்ள இப்புடிக் கத்துது? இத்தன நாளு இத வெச்சுட்டா தூங்குனேன்?" என்று சிரித்தார். அந்த மனுஷருக்குத்தான் நான் அதைச் செய்தேன்.

ஃப்ரிட்ஜுக்குள் சாவி

எங்கள் தொழிலில் ஒரு பழக்கம் உண்டு. ஒரு வீட்டுக்குள் படப்பிடிப்பு என்றால் சவுண்டுக்காரன் முதலில் தேடுவது அந்த வீட்டு ஃப்ரிட்ஜின் சுவிட்சை. உங்கள் வீட்டு ஃப்ரிட்ஜ் ஓயாமல் முனகிக்கொண்டிருப்பது உங்களுக்குக் கேட்காது, பழகிவிட்டது. மைக்குக்குக் கேட்கும். அதை அணைத்துவிட்டுத்தான் ஆரம்பிப்போம்.

வேலை முடிந்து கிளம்புகிற அவசரத்தில் திரும்பப் போட மறந்துவிட்டால், வீட்டுக்காரர்களின் பால் தயிரெல்லாம் கெட்டுப்போகும். அதனால் அணைத்த கையோடு எங்கள் வண்டிச் சாவியை ஃப்ரிட்ஜுக்குள் வைத்துவிடுவோம். சாவி இல்லாமல் கிளம்ப முடியாது. சாவியை எடுக்கத் திறக்கும்போது சுவிட்ச் ஞாபகம் வந்துவிடும். எல்லா ஊர் சவுண்டுக்காரர்களும் இதைத்தான் செய்கிறார்கள்.

வீட்டிலும் எனக்கு இதே பழக்கம். சின்னச் சின்ன சத்தங்களை வீட்டிலேயே பதிவு செய்வேன். சாந்தாமணி இட்லி மாவு எடுக்க ஃப்ரிட்ஜைத் திறந்தால் மாவு வைத்த தூக்குப்போசிக்குப் பக்கத்தில் வண்டிச் சாவி சில்லென்று கிடக்கும். "மாவு அரைக்கறப்பவே சாவியயும் போட்டு அரைச்சுப்போடட்டுங்களா?" என்று கேட்பாள். அந்த மாதிரிப் பேச்செல்லாம் எங்கள் வீட்டில் ஒரு காலத்தில் இருந்தது.

மேட்டுப்பாளையத்திலிருந்து ஒரு அவசரம்

அந்தப் படத்தை மேட்டுப்பாளையம் பாக்குத் தோப்புகளில் எடுத்துக்கொண்டிருந்தோம். மகள் அழும் காட்சியை எடுத்து நாலு நாள் ஆகியிருந்தது. நடிகைக்குக் கண்ணில் தண்ணீர் வந்தது, தொண்டையில் எதுவும் வரவில்லை. பெரிய மூச்சும் விசும்பலுமாக என்னவோ செய்தார். இயக்குநர் ஹெட்போனைக் கழற்றி என் கையில் கொடுத்துவிட்டு, "உருவம் இவங்களோடது இருக்கட்டும் சார். சத்தம் உண்மையா ஒண்ணு வேணும். எங்கிருந்தாவது கொண்டு வாங்க" என்றார். நாலு நாளாக எனக்கு அதே நினைப்பு.

ஐந்தாம் நாள் காலையில் போன் வந்தது. மாமனார் விடிகாலையில் மாட்டுக்குத் தீவனம் போடப் போனவர் அங்கேயே சாய்ந்துவிட்டார். நான் யூனிட் வேனில் ஏறி அன்னூர் வந்து சேர்ந்தேன். சாந்தாமணி பீளமேட்டிலிருந்து காரில் வந்துகொண்டிருந்தாள். நான் அவளுக்கு முன்னால் வந்துவிட்டேன்.

சித்திரை வெயில். வாசலில் பந்தல் போட்டாயிற்று. ஹாலில் ஐஸ் பெட்டிக்குள் அவரைப் படுக்கவைத்திருந்தார்கள். சாந்தாமணியின் தங்கை கீதா ஹைதராபாத்தில் இருந்தாள். அவள் விமானம் மூன்று மணிக்குத்தான் கோயமுத்தூர் வரும். அவள் வந்து முகம் பார்த்த பிறகு ஐந்து மணிக்கு எடுப்பதாகப் பேசி முடித்திருந்தார்கள். இதையெல்லாம் மச்சான் பழனிசாமி, சாந்தாமணியின் அண்ணன், என் கையைப் பிடித்துக்கொண்டு சொன்னார்.

நான் ஹாலுக்குள் போய்ச் சுவரோரம் நின்றேன். பெட்டி முனகிக்கொண்டிருந்தது. என் சட்டைப் பையில் சின்ன ரெக்கார்டர். வெற்றிலை போடுகிறவர் பொட்டலத்தை வைத்திருப்பார் இல்லையா, அப்படி எப்போதும் என்னோடு இருக்கும்.

வெளியே கார் வந்து நின்றது. கதவு திறக்கிற சத்தத்திலேயே அது சாந்தாமணி என்று தெரிந்தது. இதைப் பூசி மெழுகிச் சொல்ல எனக்கு விருப்பமில்லை. என் வலது கை சட்டைப் பைக்குப் போனது. இடது கை, எனக்குப் பின்னால் சுவரில் இருந்த சுவிட்சை அணைத்தது. பெட்டியின் முனகல் நின்றது.

சாந்தாமணி ஓடிவந்து பெட்டிக் கண்ணாடி மேல் விழுந்தாள். பதினேழு வருஷம் அவளோடு வாழ்ந்தவன் நான். அப்படி ஒரு குரல் அவளுக்குள் இருந்தது எனக்குத் தெரியாது. அவள் அம்மா பின்னாலேயே வந்து அவளைக் கட்டிக்கொண்டு "கண்ணு… கண்ணு…" என்று சொல்லிக்கொண்டே இருந்தார். நான் பைக்குள் எட்டிப் பார்த்து லெவல் சரியாக இருக்கிறதா என்று பார்த்தேன். ஹாலில் ஆட்கள் நிறைந்திருப்பதால் எதிரொலி இல்லை, நல்லது என்று நினைத்தேன். நினைத்தேன் என்பதை எழுதவே கை கூசுகிறது. ஆனாலும் நினைத்தேன்.

பந்தலில் நின்ற நேரம்

அதற்குள் வெளியிலிருந்து கூப்பிட்டார்கள். துக்கம் கேட்க வருகிறவர்களுக்குக் கை கொடுக்க மச்சானோடு வரிசையில் நிற்க வேண்டும். அன்னூர், அவினாசி, சுற்று வட்டாரத்துச் சொந்தம் பூராவும் வந்துகொண்டிருந்தது. இரண்டு கையையும் நீட்டுவதும் தொடுவதுமாக இரண்டு மணி நேரம் போயிற்று.

அன்றைக்கு என்னிடம் வண்டிச் சாவி இல்லை. வேனில் வந்தவன். இருந்திருந்தாலும் அந்தப் பெட்டிக்குள் எங்கே வைப்பது? சுவிட்ச் என் நினைப்பிலேயே இல்லை.

மதியம் பன்னிரண்டரைக்கு உள்ளே பெண்கள் சத்தம் போட்டார்கள். கண்ணாடி வேர்த்துத் தண்ணீர் ஒழுகிக்கொண்டிருந்தது. பெட்டி எப்போது நின்றது என்று யாருக்கும் தெரியவில்லை. அழுகைக்கு நடுவில் யார் அதைக் கவனிப்பார்கள்? மச்சான் ஓடிப்போய் சுவிட்சைப் போட்டார். ஆனால் ஏற்கனவே மாமனார் முகம் மாற ஆரம்பித்திருந்தது. வயதில் பெரியவர்கள் கூடிப் பேசினார்கள். இனி ஐந்து மணி வரைக்கும் வைக்க வேண்டாம், இரண்டு மணிக்கே எடுத்துவிடலாம் என்று முடிவாயிற்று.

பெட்டி கொண்டுவந்தவரைக் கூட்டிவந்தார்கள். வயதானவர், ஒல்லியாக இருந்தார். "நா போட்டுட்டுத்தானுங்க போனேன். ஓடறத பாத்துட்டுத்தானுங்க போனேன்" என்று திரும்பத் திரும்பச் சொன்னார். எங்கள் பக்கத்தில் திட்டும்போதுகூட 'ங்க' போட்டுத்தான் திட்டுவார்கள். மச்சான் அன்றைக்கு அதையும் விட்டுவிட்டார். அத்தனை பேர் முன்னால் அந்தப் பெரியவரை வாடா போடா என்று பேசி, பந்தலை விட்டு வெளியே தள்ளினார். நான் மூன்றடி தள்ளி நின்றேன். வாயைத் திறக்கவில்லை.

கீதா வந்து சேர்ந்தபோது நாலரை மணி. சுடுகாட்டிலிருந்து ஆண்கள் திரும்பியாயிற்று. ஹாலைக் கழுவி விட்டிருந்தார்கள். அந்த ஈரத் தரையில் கால் நீட்டி உட்கார்ந்துகொண்டு, ஐயா மூஞ்சியை ஒருக்கா பார்த்திருப்பேனே, ஒருக்கா பார்த்திருப்பேனே என்று கேட்டுக்கொண்டிருந்தாள். பெட்டி கெட்டுப்போச்சு கண்ணு என்று மச்சான் சொன்னார். யாரோ ஒருவர் போனில் போட்டோ எடுத்து வைத்திருப்பதாகச் சொன்னார். கீதா அதைப் பார்க்க மறுத்துவிட்டாள்.

ஆள் பெயர் இல்லாத ஃபைல்

பதிவை ஸ்டுடியோவில் இறக்கி, பெயர் போட்டு வைத்தேன். 'அழுகை, பெண், வீட்டுக்குள், பகல்' என்பது அதன் பெயர். எங்கள் சேமிப்பில் எல்லாச் சத்தத்துக்கும் இப்படித்தான் பெயர் இருக்கும். மழை, தகரக் கூரை. நாய், தூரம். அந்த வரிசையில் என் மனைவி.

மிக்ஸிங் நடந்தபோது அதை எடுத்து நடிகையின் வாய்க்குப் பொருத்தினேன். அப்பாவை அவள் 'ஐயா' என்று கூப்பிடுகிற இடங்களையெல்லாம் வெட்டினேன். மூச்சை மூச்சோடு ஒட்டினேன். மாமியார் சொல்லும் 'கண்ணு' மட்டும் இரண்டு இடத்தில் அழுகையோடு கலந்துவிட்டது, பிரிக்க முடியவில்லை. பிரிக்க முடியாததை மறைத்திருக்கலாம். நன்றாக இருக்கிறது என்று கொஞ்சம் தூக்கி வைத்தேன்.

இயக்குநர் இரண்டு தடவை போடச் சொல்லிக் கேட்டார். யார் சார் இது என்றார். ஒரு துக்க வீட்டில் எடுத்தது என்றேன். அவர் மேற்கொண்டு கேட்கவில்லை, நானும் சொல்லவில்லை. படம் வந்தது. விருது ஒன்றும் வந்தது. என் பெயரைச் சொல்லிக் கூப்பிட்டு மேடையில் ஏற்றினார்கள். முப்பது வருஷத்தில் முதல் தடவை. மேடையில் நிற்கும்போது அந்தப் பெட்டிக்காரரின் முகம் ஞாபகத்துக்கு வந்ததா என்று கேட்டால், வரவில்லை. சத்தியமாக வரவில்லை.

சாவி எங்கே

சாந்தாமணியைப் படத்துக்குக் கூட்டிப்போனது எந்தத் தைரியத்தில் என்று கேட்பீர்கள். தன் அழுகை வெளியே எப்படிக் கேட்கும் என்று யாருக்கும் தெரியாது. அவள் மாணவர்கள் அவள் பாடம் நடத்துவதை ஒருமுறை செல்போனில் பதிவு செய்து போட்டபோது, இது யாரு என்று கேட்டவள். கண்டுபிடிக்க மாட்டாள் என்று நம்பினேன். அவள் கண்டுபிடித்தது தன் குரலை இல்லை.

தியேட்டரிலிருந்து காரில் கிளம்பினோம். அவினாசி ரோட்டில் ஒவ்வொரு சிக்னலிலும் நின்று நின்று வந்தோம். வீட்டுக்குள் போனதும் சமையலறையில் ஒரு டம்ளர் தண்ணீர் குடித்தாள். டம்ளரைக் கழுவிக் கவிழ்த்தாள்.

"அதுல கண்ணு கண்ணுங்கறது எங்கம்மா" என்றாள்.

ஆமாம் என்றேன். அப்புறம் பேச ஆரம்பித்தேன். அது எத்தனை பேரை அழவைத்தது, எந்த நடிகையாலும் அப்படி முடியாது, உன் அப்பாவுக்கு அது ஒரு மரியாதை மாதிரி, இன்னும் என்னென்னவோ. நான் பேசியது எனக்கே கேட்கச் சகிக்கவில்லை. அவள் ஃப்ரிட்ஜ் மேல் கை வைத்துக்கொண்டு நின்றாள். அது முனகிக்கொண்டிருந்தது.

நான் ஓய்ந்த பிறகு, வகுப்பில் கணக்கை ஒவ்வொரு படியாகப் போடுகிற குரலில் கேட்டாள். "ஐயாவ வெச்சிருந்த பொட்டி இரைஞ்சிருக்கோணுமில்லீங்க? படத்துல அந்த இரைச்சலே இல்லியே?"

ஃப்ரிட்ஜ் மேலிருந்து கையை எடுத்தாள்.

"அன்னைக்கு சாவிய எங்கீங்க வெச்சீங்க?"

சத்தம் போட்டிருந்தால், எதையாவது தூக்கி எறிந்திருந்தால் நான் தாங்கியிருப்பேன். அவள் கேட்டுவிட்டுப் பதிலுக்காகக் காத்திருந்தாள். நான் அந்தச் சமையலறையில் தலை குனிந்து நின்றேன். கீதாவிடமும் மச்சானிடமும் தான் சொல்லப்போவதில்லை என்றாள். "அத நீங்க சொல்லோணும். செஞ்சவங்கதான் சொல்லோணும்" என்றாள். நான் சொல்லவில்லை. அடுத்த பொங்கலுக்குச் சொல்லலாம், அடுத்த நோம்பிக்குச் சொல்லலாம் என்று வருஷக்கணக்கில் தள்ளிப்போட்டேன்.

அதற்கப்புறம்

அதற்கப்புறம் எங்கள் வீட்டில் ஒன்றும் நடக்கவில்லை. சாந்தாமணி சமைத்தாள், பள்ளிக்கூடம் போனாள், கேஸ் புக் பண்ணச் சொன்னாள், என் மாத்திரையை எடுத்து வைத்தாள். வெளியிலிருந்து பார்க்கிறவர்களுக்கு நாங்கள் நல்ல ஜோடி.

ஆனால் என் முன்னால் அவள் அழுவது நின்றுபோனது. சிரிப்பும் குறைந்தது. பூரி உருட்டும்போது வாய்க்குள்ளேயே ஏதோ பாடுவாள், நான் நுழைந்தால் நிறுத்திவிடுவாள். கெட்ட செய்தியோடு போன் வந்தால் குளியலறைக்குப் போய்க் குழாயைத் திறந்துவிட்டுக்கொள்வாள். தண்ணீர் விழுகிற சத்தத்திலிருந்து எதையும் பிரித்தெடுக்க முடியாது என்று என்னிடமிருந்துதான் தெரிந்துகொண்டிருந்தாள். எங்கள் மகள் கல்யாணமாகிப் போன அன்று மண்டபமே அழுதது. இவள் பந்தி முடிந்ததா என்று கேட்டுக்கொண்டிருந்தாள்.

ஒருநாள் அந்த ரெக்கார்டரைக் கொண்டுவந்து அவள் முன்னால் வைத்தேன். உடைத்துப் போடட்டுமா என்றேன். அவள் விடைத்தாள் திருத்திக்கொண்டிருந்தாள். நிமிர்ந்து அதைப் பார்த்தாள்.

"அது என்னங்க பண்ணும், பாவம்" என்று சொல்லிவிட்டு அடுத்த தாளை எடுத்தாள்.

தொழிலை அதற்கப்புறமும் செய்தேன். பெருமையாகச் சொல்லிக்கொள்ள ஒன்றுமில்லை. துக்கக் காட்சி வந்தால் வேறு ஆளிடம் கொடுத்துவிடுவேன். என்ன சார் செண்டிமெண்டா என்று சிரிப்பார்கள். ஆமாம் என்பேன்.

இந்த ஆடியில்

இந்த வருஷம் ஆடி மாதம் மாமியார் போய்ச் சேர்ந்தார். தூக்கத்திலேயே போய்விட்டார். நானும் சாந்தாமணியும் ஒன்றாகத்தான் அன்னூர் போனோம். காரை நான் ஓட்டினேன். வழியெல்லாம் ஜன்னல் பக்கம் பார்த்துக்கொண்டே வந்தாள். கோவில்பாளையம் தாண்டும்போது அவள் உதடு துடித்ததைப் பார்த்தேன். பல்லால் கடித்து அதை நிறுத்திக்கொண்டாள்.

கீதா எங்களுக்கு முன்னாலேயே வந்திருந்தாள். அம்மாவின் முகத்தை அவளால் பார்க்க முடிந்தது. அக்காவைக் கண்டதும் ஓடிவந்து கட்டிக்கொண்டு கதறினாள். சாந்தாமணி அவள் முதுகைத் தடவிக் கொடுத்தாள். அப்புறம் போய் அம்மாவின் தலைமாட்டில் உட்கார்ந்தாள். உட்கார்ந்தவள் உட்கார்ந்தவள்தான். கண்ணில் ஒரு சொட்டு இல்லை.

நான் பந்தலில் மச்சானோடு நின்றேன். ஒரு மணி நேரம் போயிருக்கும். உள்ளே பெண்கள் பயந்துபோனார்கள். மூத்த பொண்ணு அழவே மாட்டேங்குது, நெஞ்சடைச்சுப்போகும் என்று வெளியே வந்து சொன்னார்கள். அவள் பெரியம்மா தோளைப் பிடித்து உலுக்கிக்கொண்டிருந்தார். "அழுதுபோடு கண்ணு. அழுதுபோட்டா பாரம் எறங்கீரும்." மச்சான் என்னைப் பார்த்தார். "மாப்ள, நீங்க ஒருக்கா உள்ள போய்ப் பாருங்க. நீங்க போனா அழுவா" என்றார்.

போனேன். எத்தனை வருஷமானாலும் புருஷன்தானே, தோளில் கை வைத்தால் உடைந்துவிடுவாள் என்று எனக்கும் ஒரு ஆசை. அவளுக்குப் பக்கத்தில் குந்தி உட்கார்ந்தேன். அன்றைக்கு என் சட்டையில் பை இல்லை. பை வைத்த சட்டை போடுவதை எப்போதோ விட்டுவிட்டேன். அவள் பார்த்திருக்கிறாளோ என்னவோ. இரண்டு கையையும் அவளுக்குத் தெரிகிற மாதிரி முழங்கால் மேல் வைத்துக்கொண்டேன்.

அவள் திரும்பிப் பார்த்தாள். கோபம் இல்லை. இருந்திருந்தால் நன்றாக இருந்திருக்கும்.

"ஏனுங்க" என்றாள். எனக்கும் பக்கத்திலிருந்த கீதாவுக்கும் மட்டும் கேட்கிற குரல். "நீங்க கொஞ்சம் ரோட்டுப் பக்கம் போயிருங்க. நா அழோணும்."

கீதா என் முகத்தைப் பார்த்தாள். அந்தப் பார்வைக்குத்தான் போன வாரம் அவள் வீட்டுக்கே போய்ப் பதில் சொல்லிவிட்டு வந்தேன்.

எழுந்து வந்தேன். பந்தலைத் தாண்டும்போது, எங்கீங்க மாப்ள கெளம்பீட்டீங்க என்று மச்சான் கேட்டார். சும்மா என்றேன். நான் கேட்டைக் கடந்திருப்பேன், உள்ளேயிருந்து அந்தக் குரல் கிளம்பியது. முதல் மூச்சிலேயே எனக்குத் தெரிந்துவிட்டது. எத்தனை தடவை வெட்டி ஒட்டின மூச்சு அது.

ரோட்டுக்கு வந்துவிட்டேன். அங்கேயும் கேட்டது. ஆடிக் காற்று வீட்டுப் பக்கமிருந்து என் பக்கமாக அடித்துக்கொண்டிருந்தது. பஸ் நிறுத்தம் வரைக்கும் போனேன். இன்னும் கேட்டது. நிற்காமல் நடந்துகொண்டிருந்தேன்.